ஒரே ஈட்டுக்கு மூண்டு பேர் உரிமை கேக்கினம். ஆருக்குக் கட்டுறது?

கோண்டாவில்_மகள்
எல்லாருக்கும் வணக்கம். இஞ்ச காணிப் பிரச்சினையளைப் பற்றி எழுதிறதுகளை ரெண்டு வருசமா வாசிச்சுக்கொண்டு வாறன். எழுதிறது இதுதான் முதல்தரம். நீளமா இருக்கும், பொறுத்து வாசியுங்கோ.

2012 யூலையில, அண்ணாவை வெளியில அனுப்பிறதுக்காக, அம்மாவின்ர சீதனக் காணியை ஈடு வைச்சு 12 லட்சம் எடுத்தவை. வீடும் வளவுமா நாலு பரப்பு. காசு தந்தது அப்பாவுக்குப் படிப்பிச்ச மாஸ்டர். ஐஞ்சு வருசத் தவணை, ஆண்டுக்கு 12 வீத வட்டி, மாதம் 12,000 ரூபா வரும். நொத்தாரிசுக்கு முன்னால எழுதி, யாழ்ப்பாணக் காணிப் பதிவகத்தில பதிஞ்ச உறுதி. அம்மா கையெழுத்து வைக்க, சம்மதம் எண்டு அப்பாவும் வைச்சவர்.

வட்டி ஒரு மாதமும் பிந்தேல்லை. அப்பா சைக்கிளில கொண்டுபோய்க் குடுப்பார், மாஸ்டர் ஒரு சீ.ஆர். கொப்பியில திகதி போட்டுக் கையெழுத்து வைச்சு விடுவார். 2017 இல தவணை முடியேக்கை முதலைக் கட்ட எங்களிட்ட வழியில்லை. "வட்டியைக் கட்டிக்கொண்டு இருங்கோ, வீட்டை ஆரும் தூக்கிக்கொண்டு போக ஏலாது" எண்டு மாஸ்டரே சொன்னவர். 2019 மார்ச்சில அவர் காலமாகிட்டார். பிறகு மாமிக்கு, அவரின்ர மனுசிக்கு, கட்டினாங்கள். 2022 நவம்பரில மாமி மகளோட கனடாவுக்குப் போட்டா. "காசைச் சேர்த்து வையுங்கோ, அம்மா வரேக்கை பாப்பம்" எண்டு மகள் சொன்னதோட வட்டி நிண்டுது. இந்த ஒக்டோபரோட 35 மாதம், 4 லட்சத்து 20 ஆயிரம்.

அப்பா போன வருசம் காலமாகிட்டார். இப்ப தங்கச்சிக்குக் கலியாணம் சரிவந்திருக்கு. அந்த வீடு அவளுக்குத்தான். அண்ணா முழுக் காசையும் அனுப்பிப்போட்டான். மீட்டு முடிப்பம் எண்டு வெளிக்கிட, மூண்டு பக்கத்தால வந்து நிக்கினம்.

மாமியும் பிள்ளையளும்: நாங்கள்தான் வாரிசு, எங்களுக்குத்தான் தரவேணும் எண்டு.

மாஸ்டரின்ர தங்கச்சியின்ர மகன்: 2016 ஓகஸ்டில மாமா இந்த ஈட்டைத் தன்ர பேருக்கு மாத்தி உறுதி எழுதித் தந்தவராம். ஈட்டு உறுதியின்ர மூலப்பிரதியும் அவரிட்டத்தான் இருக்கு. ஆனா அந்த மாற்று உறுதியை அவர் பதியவே இல்லை. எங்களுக்கும் இவ்வளவு நாளும் சொல்லேல்லை.

மூண்டாவது ஆள் எங்களுக்கு முன்பின் தெரியாதவர். ரெண்டு பேரோட வானில வந்து இறங்கினார். மாஸ்டர் 2014 இல ஆருக்கோ அற்றோணித் தத்துவம், அதாவது தனக்குப் பதிலாக் கையெழுத்து வைக்கிற அதிகாரம், குடுத்தவராம், அந்த ஆள் 2020 மார்ச்சில ஈட்டை இவருக்கு மாத்தி எழுதினவராம். இது பதிஞ்ச உறுதி. 30 நாளுக்குள்ள முழுக்கக் கட்டாட்டி வீட்டை ஏலத்தில விடுவன் எண்டு சட்டத்தரணி கடிதமும் வந்திட்டுது.

அம்மா ரெண்டு கிழமையா ஒழுங்காச் சாப்பிடுறா இல்லை. நான் ஆரிட்டக் காசைக் குடுக்க?

தென்மராட்சியான்
தங்கச்சி பயப்பிடாதை. 2012 இல எழுதின ஈடு. ஈட்டுக் கடனுக்குப் பத்து வருசம்தான் ஆயுள், 2022 ஓட சரி. ஒருத்தருக்கும் ஒரு சதமும் குடுக்காதை. வானில வந்தவனுக்குப் படலையையே திறக்காதை.

வழக்குவாசி
தென்மராட்சி அண்ணை, அன்பில சொல்லுறீங்கள் எண்டு விளங்குது. ஆனால் இதை நம்பி இருந்தால் பிள்ளை வீட்டை இழப்பா. 1871 ஆம் ஆண்டின் 22 ஆம் இலக்கக் காலாவதிக் கட்டளைச் சட்டத்தில் பத்து வருடம் என்று இருப்பது உண்மை. அந்தப் பத்து வருடத்தை உறுதி எழுதின நாளில் இருந்து மட்டும் எண்ணுவதில்லை. கடைசியாக வட்டி கட்டின நாள் 2022 நவம்பர். அங்கிருந்து எண்ணினால் 2032 வரைக்கும் வழக்குப் போடலாம்.

மகள், முதலில் ஒன்றைச் சொல்லி அம்மாவைச் சாப்பிட வையுங்கோ. தனி ஆள் ஒருவர் நினைத்தவுடன் வீட்டை ஏலம் விட முடியாது. வழக்கில்லாமல் ஏலம் விடும் அதிகாரத்தை 1990 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கச் சட்டம் வங்கிகளுக்குத்தான் கொடுத்தது. மற்றவர்கள் மாவட்ட நீதிமன்றத்தில் ஈட்டு வழக்குப் போட்டு, தீர்ப்பு எடுத்த பிறகுதான் ஏலம். அதற்குள் நீங்கள் எல்லாவற்றையும் நீதிபதிக்கு முன்னால் வைக்கலாம்.

அந்தக் கடிதத்துக்குப் பதில் அனுப்பாமல் மட்டும் இருக்கவேண்டாம். "கடனை மறுக்கவில்லை, கட்டத் தயார், உரிமை கோருவோர் மூவர், உங்கள் உறுதியினதும் அற்றோணித் தத்துவத்தினதும் பிரதி தேவை" என்று சட்டத்தரணி மூலம் பதிவுத் தபாலில் போகட்டும்.

கோண்டாவில்_மகள்
நன்றி அக்கா. அண்ணை, உங்களுக்கும் நன்றி. ஆனா காசு எங்கட கடன்தான். அண்ணா இண்டைக்கு நல்லா இருக்கிறது அந்தக் காசால. குடுக்காமல் விட்டால் அப்பாவின்ர பேருக்கே அது மரியாதையில்லை. சரியான ஆளுக்குப் போகவேணும், ஒருதரம் மட்டும் போகவேணும், உறுதி மீண்டு வரவேணும். அவ்வளவுதான்.

தென்மராட்சியான்
சரி பிள்ளை, வட்டிக் கணக்கு எனக்குத் தெரியாமல்போச்சு. ஆனா ஒண்டு எனக்கு வடிவாத் தெரியும், பட்டுத் தெரிஞ்சது. பதிஞ்சவன்தான் வெல்லுவான். கொடிகாமத்தில என்ர அப்பு காசு குடுத்து வாங்கின காணி. உறுதியைப் பெட்டிக்குள்ள வைச்சவர், பதியேல்லை. வித்தவன் அதே காணியைத் திரும்ப இன்னொருத்தனுக்கு எழுதிக் குடுக்க, அவன் பதிஞ்சிட்டான். காணி போயிட்டுது. அப்பு சாகுமட்டும் அந்த ரோட்டால போகேல்லை. உன்ர கதையில மருமகன் பதியேல்லை, வான்காரன் பதிஞ்சிருக்கிறான். எனக்குப் பயமாக் கிடக்கு.

வழக்குவாசி
அண்ணை, உங்கட அப்புவுக்கு நடந்தது சட்டப்படி அப்படித்தான் முடியும். 1927 ஆம் ஆண்டின் 23 ஆம் இலக்க ஆவணப் பதிவுக் கட்டளைச் சட்டம் சொல்லுவது இதுதான்: பதியாத உறுதி, பெறுமதி கொடுத்துப் பிறகு வாங்கிப் பதிந்தவருக்கு எதிராக நிற்காது.

ஆனால் அங்கே இரண்டு உறுதியிலும் கையெழுத்து வைத்தது உண்மையான சொந்தக்காரர். ஒரே காணியை இரண்டு தரம் விற்றார். இங்கே கேள்வி வேறு. மாஸ்டர் அந்த அற்றோணித் தத்துவத்தில் கையெழுத்து வைத்தாரா? வைக்கவில்லை என்றால், அதன் மேல் எழுதின 2020 உறுதிக்கு அடி இல்லை. கள்ளக் கையெழுத்து ஒரு உரிமையையும் கடத்தாது. பதிவு முந்துரிமையைத் தரும், உறுதியில் உள்ள ஓட்டையை அடைக்காது. மோசடி செய்து அல்லது மோசடிக்குக் கூட்டுப் போய் எடுத்த உறுதியை முன்னுக்குப் பதிந்தாலும் அந்த முந்துரிமை போய்விடும்.

இன்னொன்று. மாஸ்டர் 2019 மார்ச்சில் இறந்துவிட்டார், மாற்று உறுதி 2020 மார்ச்சில். ஒருவர் இறந்ததோடு அவர் கொடுத்த அற்றோணி முடிகிறது என்பதுதான் பொது விதி. அற்றோணி உண்மையாக இருந்தாலும், இறந்தவரின் பெயரில் ஒரு வருடம் கழித்து எப்படிக் கையெழுத்து வைத்தார் என்று வான்காரர் பதில் சொல்லவேண்டும். மரணச் சான்றிதழின் பிரதியை முதல் வேலையாக எடுங்கோ.

ரொறன்ரோ_குளிர்
இதை வாசிக்க என்ர பெரியப்பாவின்ர கதை நினைவு வருது. 1995 ஒக்டோபர் இடப்பெயர்வில வெளிக்கிட்டு, வன்னி, கொழும்பு எண்டு அலைஞ்சு கடைசியில இஞ்ச வந்தவர். ஊரில காணி பத்தை பிடிச்சுக் கிடந்தது. 2011 இல பாக்கப் போனால் வேற ஆள் மதில் கட்டியிருக்கு. பெரியப்பா கொழும்பில வைச்சு அற்றோணி குடுத்தவராம், அதால வித்தவையாம். அவர் குடுத்ததா எழுதியிருந்த திகதியில அவர் இஞ்ச ஆஸ்பத்திரிக் கட்டிலில. ஆஸ்பத்திரிப் பதிவை எடுத்து, கடவுச்சீட்டின்ர ஒவ்வொரு பக்கமும் படமெடுத்து அனுப்பினம். வழக்கு வருசக்கணக்கா இழுத்து, காணி திரும்பி வந்தது. அவர் பாக்கேல்லை.

பிள்ளை, அந்த அற்றோணியில என்ன திகதி, எந்த ஊரில வைச்சு எழுதினது எண்டு பார். அந்த நாளில மாஸ்டர் எங்க நிண்டவர் எண்டு உன்ர அப்பாவின்ர கொப்பி சொல்லக்கூடும்.

பழைய_கச்சேரி
பிள்ளை, நான் முப்பத்தைந்து வருடம் அரசாங்க எழுதுவினைஞனாக இருந்து ஓய்வு பெற்றவன். சட்டம் தங்கச்சி வழக்குவாசி சொல்லுவா. நான் கடதாசியைப் பற்றிச் சொல்லுகிறேன்.

நொத்தாரிசு ஒரு உறுதி எழுதினால் மூன்று பிரதி வரும். மூலப்பிரதி உரிய ஆளிடம் போகும். ஒன்று நொத்தாரிசின் சொந்தக் கோவையில் இருக்கும். இணைப்பிரதியை அவர் அடுத்த மாதம் 15 ஆம் திகதிக்கு முன்னர், அந்த மாதம் எழுதின உறுதிகளின் பட்டியலோடு, காணிப் பதிவகத்துக்கு அனுப்பவேண்டும். 1907 ஆம் ஆண்டின் நொத்தாரிசுக் கட்டளைச் சட்டத்தில் அவருக்கு இட்ட கடமை அது. இதற்கும் உறுதியைப் பதிவதற்கும் தொடர்பு இல்லை. பதிவது வேறு, இணைப்பிரதி போவது வேறு. சனத்துக்கு இந்த வித்தியாசம் தெரியாது. பதியாத உறுதி என்றால் பதிவகத்தில் ஒரு தடயமும் இராது என்று நினைக்கிறார்கள்.

மருமகனின் உறுதி உண்மையாகவே 2016 ஓகஸ்டில் எழுதப்பட்டதென்றால், அதன் இணைப்பிரதி 2016 செப்ரெம்பரில் அங்கே வந்திருக்க வேண்டும். நேற்று வீட்டில் இருந்து பழைய திகதி போட்டு எழுதின கடதாசி என்றால் வந்திராது. உறுதியின் இலக்கம், நொத்தாரிசின் பெயர், திகதி மூன்றையும் அவரிடம் கேட்டு வாங்கும். ஈட்டு உறுதி பதிந்திருக்கும் ஃபோலியோவையும், அதாவது பதிவகப் புத்தகத்தின் பக்கத்தையும், தேடும். 2020 உறுதி, அற்றோணி இரண்டுக்கும் அத்தாட்சிப்படுத்தின பிரதி எடும். எல்லாவற்றையும் கண்ணால் பாரும், சொல்லக் கேட்டு இராதேயும்.

கோண்டாவில்_மகள்
ஐயா, வான்காரர் அற்றோணியின்ர போட்டோக்கொப்பி ஒண்டு கடிதத்தோட அனுப்பியிருந்தவர். இண்டைக்கு வடிவாப் பாத்தனான். 2014 பெப்ரவரி, கொழும்பு எண்டு கிடக்கு. கையெழுத்து ஆங்கிலத்தில. மாஸ்டர் எங்கட கொப்பியில ஏழு வருசமாத் தமிழிலதான் வைச்சவர், கடைசி எழுத்துக்குக் கீழ ஒரு சுழி இழுப்பார். பேரின்ர முதலெழுத்து சரியா இருக்கு. அடையாள அட்டை இலக்கம் 12 இலக்கம், அதில பிறந்த வருசம் 1938 எண்டு சரியாத்தான் வருது. அந்த மாதம் அப்பா வட்டி குடுத்த திகதியும் கொப்பியில இருக்கு, ஆனா அது வேற நாள்.

பழைய_கச்சேரி
பிள்ளை, திரும்பப் பாரும். 12 இலக்கமா? 2014 ஆம் ஆண்டுக் கடதாசியிலா?

12 இலக்க முறை 2016 சனவரியில்தான் வந்தது. அதற்கு முன்னர் இலங்கையில் ஒருவருக்கும் அப்படி ஒரு இலக்கம் கிடையாது. ஒன்பது இலக்கமும் கடைசியில் ஒரு ஆங்கில எழுத்தும்தான். 1938 இல் பிறந்தவருக்கு 38 இல் தொடங்கியிருக்கும். 2014 பெப்ரவரியில் இருந்த ஒருவர் 1938 என்று தொடங்கும் 12 இலக்கத்தை எழுதியிருக்க முடியாது. அந்தக் கடதாசி 2016 க்குப் பிறகு எழுதப்பட்டது.

எத்தனை ஆயிரம் விண்ணப்பத்தில் அந்த இலக்கத்தைப் பார்த்த கண் இது. அந்தப் போட்டோக்கொப்பியையும் அது வந்த கடித உறையையும் பத்திரமாக வையும்.

வழக்குவாசி
ஐயா, கையெடுத்துக் கும்பிடுகிறேன். நான் மாஸ்டர் இறந்த திகதியோடு நின்றுவிட்டேன், இதைக் கவனித்திருக்கமாட்டேன்.

கையெழுத்துத் தமிழா ஆங்கிலமா என்பதை எதிர்த்தரப்பு "சில இடத்தில் ஆங்கிலத்திலும் வைப்பார்" என்று சமாளிக்கலாம். இலக்கத்தைச் சமாளிக்க முடியாது. நீதிமன்றம் கேட்டால் இரசாயனப் பகுப்பாய்வாளர் திணைக்களத்தில் உள்ள ஆவணப் பரிசோதகர் கையெழுத்துகளை ஒப்பிட்டு அறிக்கை தருவார். அதற்கு மாஸ்டரின் உண்மையான கையெழுத்து நிறைய வேண்டும். உங்கள் அப்பாவின் கொப்பியில் ஏழு வருடக் கையெழுத்து இருக்கிறதே, அதைவிட வேறு என்ன வேண்டும்.

தென்மராட்சியான்
அப்ப வான்காரன் சரி. மருமகனிலயும் எனக்குச் சந்தேகம் இருக்கு. 2016 இல ஈட்டை மாத்தி எழுதினவர், பிறகு 2019 மட்டும் ஏன் மாஸ்டரே வட்டி வாங்கினவர்? தன்ர இல்லாத காசை மாஸ்டர் வாங்குவாரா? அந்தாளை நான் அறியன், ஆனா இவள் சொல்லுறதைப் பாத்தா அப்பிடிப்பட்ட மனுசனாத் தெரியேல்லை.

கோண்டாவில்_மகள்
அதைத்தான் நானும் அவரிட்டக் கேட்டனான் அண்ணை. மாமாவின்ர இருதய ஒப்பரேசனுக்குத் தான் 8 லட்சம் குடுத்ததாம், கடனா வாங்கமாட்டன் எண்டு சொல்லி மாமா ஈட்டை மாத்தித் தந்தவராம். "நான் இருக்குமட்டும் வட்டி எனக்கு, பிறகு உனக்கு" எண்டு கதைச்சதாம். மாமா செத்த வீட்டோட மாமியிட்டப் போய் இதைக் கேக்க மனம் வரேல்லையாம். இப்ப வட்டியை முழுக்க விட்டுத்தாறன், 12 லட்சத்தை மட்டும் தாங்கோ, நாளைக்கே கையெழுத்து வைக்கிறன் எண்டு நிக்கிறார். உண்மையைச் சொன்னால், அம்மாவுக்கு அதில ஒரு விருப்பம்.

வழக்குவாசி
வேண்டாம். தயவு செய்து வேண்டாம்.

அவர் சொல்லுவது உண்மையாகவே இருக்கலாம். ஆனால் ஈட்டை மாற்றுவதும் 1840 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்க மோசடித் தடுப்புக் கட்டளைச் சட்டத்துக்குள் வருகிறது. நொத்தாரிசும் இரண்டு சாட்சிகளும் ஒரே நேரத்தில் இருந்து எழுதியிருக்க வேண்டும். அந்த உறுதியை நீங்கள் இன்னும் பார்க்கவில்லை. பிழையான ஆளுக்குக் கட்டினால் சரியான ஆள் வந்து திரும்பவும் கேட்பார், நீங்கள் திரும்பவும் கட்டவேண்டும்.

இதுவரை கட்டினதை நினைத்துப் பயப்பட வேண்டாம். ஈடு கைமாறினது கடன்காரருக்குத் தெரியாமல், அவர் நல்லெண்ணத்தோடு பழைய ஆளுக்குக் கட்டினால் அது கட்டினதுதான். மாஸ்டருக்குக் கொடுத்தது கணக்கில் நிற்கும். மாமிக்குக் கொடுத்தது பற்றி யாரும் கேள்வி கேட்டாலும் கொப்பி இருக்கிறது. ஆனால் இப்போது மூன்று பேரும் உங்களுக்கு அறிவித்துவிட்டார்கள். இனித் தெரியாது என்று சொல்ல முடியாது.

உங்களைப் போன்றவர்களுக்கென்றே குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையில் ஒரு வழி இருக்கிறது. நாங்கள் இன்டர்பிளீடர் வழக்கு என்போம். "காசு என்னிடம் இருக்கிறது, இது எனக்குரியதல்ல, இவர்கள் ஒவ்வொருவரும் தமக்கு என்கிறார்கள், யாருக்கு என்று நீதிமன்றம் சொல்லட்டும்" என்று உரிமை கேட்கும் எல்லோரையும் எதிராளிகளாக்கி வழக்கு வைப்பது. 16 லட்சத்து 20 ஆயிரத்தையும் நீதிமன்றத்தில் கட்டலாம். அவர்கள் தங்களுக்குள் வாதாடட்டும். ஈட்டை நீக்கும் கட்டளையையும் அதே வழக்கில் கேட்கச் சொல்லி உங்கள் சட்டத்தரணியிடம் பேசுங்கோ.

ஒரு நிபந்தனை. எந்தப் பக்கத்தோடும் கூட்டுச் சேர்ந்திருக்கக் கூடாது. மருமகனின் கழிவை ஏற்றுக்கொண்ட அன்றைக்கே அந்த வழி அடைபட்டுவிடும்.

ரொறன்ரோ_குளிர்
ஒரு கேள்வி. எங்கட யாழ்ப்பாணத்துத் தேசவழமைச் சட்டப்படி பாத்தா மாஸ்டர் கலியாணத்துக்குப் பிறகு உழைச்ச காசு தேடிய தேட்டம்தானே? பாதி மாமிக்கு இல்லையோ? அவவுக்குத் தெரியாமல் மருமகனுக்கு எப்பிடி எழுதலாம்?

வழக்குவாசி
நல்ல கேள்வி. ஒல்லாந்தர் காலத்தில், 1707 இல் தொகுத்த வழமை இன்றைக்கும் எங்கள் காணிகளில் உயிரோடு இருக்கிறது. மாஸ்டர் இறக்கும்போது அந்த ஈடு அவரிடம் இருந்திருந்தால், தேடிய தேட்டம் என்ற வகையில் பாதி மாமிக்கு, மற்றப் பாதி பிள்ளைகளுக்கு. ஆனால் உயிரோடு இருக்கும்போதே பெறுமதி வாங்கிக்கொண்டு முறைப்படி மாற்றியிருந்தால், இறக்கும்போது பங்கிட அந்த ஈடு அவரிடம் இல்லை. எல்லாம் அந்த 2016 உறுதியில்தான் போய் முடிகிறது. மாமி பக்கமும் ஈட்டை விடுவிக்கக் கையெழுத்து வைப்பதற்கு முன்னர், இறந்தவரின் சொத்தைப் பொறுப்பேற்கும் மரணசாதன வழக்கு வைக்கவேண்டி வரலாம் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

கோண்டாவில்_மகள்
ரெண்டு கிழமையா எழுதேல்லை, மன்னியுங்கோ. பதிவகத்துக்கு மூண்டுதரம் போய் வந்தனான்.

ஃபோலியோவில 2012 ஈடு இருக்கு. அதுக்குக் கீழ 2020 மாற்றம் இருக்கு. மருமகனின்ர பேர் இல்லை.

அற்றோணியைப் பதிஞ்சது 2020 சனவரியில. 2014 இல எழுதினதா சொல்லுற கடதாசியை ஆறு வருசம் வைச்சிருந்து, மாஸ்டர் செத்தாப்பிறகு, மாற்று உறுதிக்கு ரெண்டு மாதம் முன்னம் பதிஞ்சிருக்கினம். அத்தாட்சிப் பிரதியிலயும் அதே 12 இலக்கம்.

ஐயா, உங்கட இணைப்பிரதி. 2016 ஓகஸ்ட் பட்டியலில மருமகன் சொன்ன இலக்கம் இருக்கு. பிரதி எடுத்தனான். பெறுமதி 8 லட்சம் எண்டு எழுதியிருக்கு. ரெண்டு சாட்சி. கீழ மாஸ்டரின்ர கையெழுத்து, தமிழில. கடைசி எழுத்துக்குக் கீழ அந்தச் சுழி. அந்த இடத்திலயே நிண்டு அழுதிட்டன்.

இரவு மாமிக்கு வட்ஸ்அப்பில அனுப்பினனான். கனநேரம் பதில் இல்லை. பிறகு அவவே எடுத்து, "அவர் ஒப்பரேசனுக்குக் காசு எங்கால எண்டு நான் கேக்க, அது வந்திட்டுது எண்டு மட்டும்தான் சொன்னவர்" எண்டா. பிள்ளையளோட கதைச்சிட்டுச் சொல்லுறன் எண்டு வைச்சிட்டா.

பழைய_கச்சேரி
நல்லது பிள்ளை. சுழி இருக்கிறது என்றதும் நானும் சற்று நேரம் எழுத்தை விட்டு எழும்பிவிட்டேன்.

ஒரு விசயம். மருமகனின் உறுதி இன்னும் பதியப்படவில்லை. நாளைக்கு வாரிசுகளிடமிருந்து வேறு யாரும் காசு கொடுத்து இந்த ஈட்டை வாங்கிப் பதிந்தால், அந்தத் தம்பி தென்மராட்சியாரின் அப்பு நின்ற இடத்தில் நிற்பார். காலம் கடந்தாலும் பதியலாம். பதியவேண்டும்.

வழக்குவாசி
ஆமாம் ஐயா. ஆனால் அதைக் கோண்டாவில் மகள் போய்ச் சொல்லக் கூடாது. அவ எந்தப் பக்கமும் இல்லை. அந்தத் தம்பிக்கு என்று ஒரு சட்டத்தரணி இருக்கவேண்டும். கள்ளக் கடதாசி பற்றிய பொலிஸ் முறைப்பாட்டையும் அவரோ மாமி வீட்டாரோ கொடுப்பதுதான் முறை. மகள் சாட்சியாக நின்றால் போதும்.

தென்மராட்சியான்
அந்தத் தம்பி இதை வாசிச்சா, நான் சொல்லுறன். ராசா, நாளைக்கே போய்ப் பதி. என்ர அப்பு பதியேல்லை.

கோண்டாவில்_மகள்
நான் ஒருத்தருக்கும் ஒண்டும் சொல்லேல்லை அக்கா. வெள்ளிக்கிழமை சட்டத்தரணி கேட்ட இன்னொரு பிரதிக்காகப் பதிவகம் போனனான். ஃபோலியோவில ஒரு வரி புதுசா ஏறியிருந்தது. 2016 உறுதி.

வான்காரரிட்ட இருந்து எங்கட கடிதத்துக்கு இன்னும் பதில் இல்லை. வழக்கு வாற கிழமை தாக்கல், மூண்டு பக்கமும் எதிராளியள். காசு வங்கியில தயாரா இருக்கு. மாப்பிள்ளை வீட்டாருக்கு உள்ளதை உள்ளபடி சொன்னம், கலியாணத்தைத் தைக்குப் பிறகு வைப்பம் எண்டினம்.

கொப்பியின்ர போட்டோக்கொப்பியைத்தான் சட்டத்தரணியிட்டக் குடுத்தனான். கொப்பியை நீதிமன்றத்தில மட்டும்தான் குடுப்பன் எண்டு அம்மா தன்ர அலுமாரியில, கூறைச்சேலைக்குக் கீழ வைச்சுப் பூட்டியிருக்கிறா. இண்டைக்கு மத்தியானம் சோறு சாப்பிட்டவ.